சலவை அறையில் ஒருவரும் சாகவில்லை

மழையில் நனைந்து வந்த ஒரு துப்பறியும் அதிகாரி, ஷூவைக் கழற்றாமல் சமையலறைக்குள் நுழைந்தார். குன்வோர் எக்கரூத்தின் பேச்சு முதன்முதலில் தொலைக்காட்சி நிலையத்தில் எடுபட்டது அன்றைக்குத்தான். அப்போது அவள் நோர்ஷோப்பிங் நகரத்தில் தொலைக்காட்சி நாடகங்களுக்கு வசனம் செப்பனிடும் வேலையில் புதிதாகச் சேர்ந்திருந்தாள். ஒத்திகை நடந்துகொண்டிருந்தது.

"இந்த ஆளு ஷூவோட உள்ள வர்றாரு. அந்த வீட்டம்மா ஒண்ணும் சொல்லாம காப்பி ஊத்திக் குடுக்குறா. எந்த நாட்டுல நடக்குது இது?"

"அவரு கொலையை விசாரிக்க வந்திருக்காரு, குன்வோர்" என்றார் இயக்குநர்.

"தாராளமா விசாரிக்கட்டும். சாக்ஸோட விசாரிக்கட்டும்."

இயக்குநருக்கு அது பிடித்துப்போயிற்று. சாக்ஸில் ஓர் ஓட்டையும் இருந்தால் நன்றாயிருக்கும் என்று அவரே சேர்த்துக்கொண்டார். நான் உடைப் பிரிவில் இருந்தேன். குன்வோர் ஓடிவந்து, "வீவி, கத்தரிக்கோல் எங்க?" என்றாள். இரண்டு பேருமாக உட்கார்ந்து ஓட்டை போட்டோம். நாடகம் ஒளிபரப்பானபோது கொலைகாரன் யார் என்பதை ஒரு வாரத்தில் எல்லோரும் மறந்துவிட்டார்கள். கொலை நடந்த வீட்டில் வெட்கத்தோடு சுருண்டுகொண்ட அந்தப் பெருவிரலை யாரும் மறக்கவில்லை. எங்கள் சிநேகமும் அந்த ஓட்டையில் தொடங்கியதுதான்.

அவள் நூற்பாலைக் குடும்பத்துப் பெண். அப்பா, அம்மா, சித்திமார் எல்லோரும் ஆலைக்காரர்கள். ஆலைகள் ஒவ்வொன்றாக மூடிய காலத்தில் இவள் தொழிலாளர் மன்றத்தின் புத்தாண்டுக் கேலி நாடகத்துக்குப் பாட்டு எழுதினாள். ஊர்ப் பெரிய மனிதர்களை மேடையில் வைத்து உரிப்பதுதான் அந்த நாடகத்தின் வேலை. உரிபட்டவர்கள் முதல் வரிசையில் உட்கார்ந்து, மற்றவர்களைவிட உரக்கச் சிரித்தாக வேண்டும். அப்படிச் சிரித்த ஒருவர்தான் அவளை நிலையத்துக்குச் சிபாரிசு செய்தார்.

காகித ஆலையில் ஷிப்டு பார்க்கும் யோரனைக் கட்டிக்கொண்டாள். இரண்டு பிள்ளைகள். காலையில் எல்லோருக்கும் கஞ்சி காய்ச்சி அனுப்பிவிட்டு, துடைத்த ஈரம் காயாத சமையலறை மேசையில் உட்கார்ந்துதான் எழுதுவாள். டிசம்பர் மாதம் நாளுக்கு ஒன்றாகக் கிறிஸ்துமஸ் வரைக்கும் வரும் குழந்தைத் தொடர்களில் பாதிக்கு அவள் கை பட்டிருக்கும். எழுத்தாளர் யாராவது காய்ச்சலில் படுத்தால் அவளைக் கூப்பிடுவார்கள். யாராவது கோபித்துக்கொண்டு போனாலும் அவளைத்தான். ஆனால் திரையில் அவள் பெயர் எப்போதும் மூன்று பேருக்கு நடுவே, படிப்பதற்குள் ஓடிவிடும். நாற்பது வயது தாண்டியபோது அவளுக்கு ஒரே ஒரு ஆசை இருந்தது. தானே எழுதி, தானே தயாரித்து, முழுக்கத் தன் பொறுப்பில் ஒரு தொடர்.

நாடகப் பிரிவின் தலைவர் தூர்ஸ்தென் பிரந்தேலியுஸ். நல்ல மனிதர்தான். ஆனால் கடல் தாண்டி வரும் போலீஸ் கதைகள் என்றால் உயிரை விடுவார். எண்பத்து நாலாம் வருஷத் தொடக்கத்தில் குன்வோர் அவர் முன்னால் போய் உட்கார்ந்தாள்.

"எட்டு வாரம். ஒரே இடம். வாடகைக் குடியிருப்போட சலவை அறை" என்றாள்.

"நிலவறையிலயா?"

"எல்லாச் சலவை அறையும் நிலவறையிலதானே இருக்கு, தூர்ஸ்தென்."

"நல்லது. இருட்டு இருக்கும். யாரு சாகுறா?"

"யாரும் சாகலை."

"யாரையாவது அடைச்சு வைக்கிறாங்களா?"

"துணி துவைக்கிறாங்க."

அவர் கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார். "எட்டு வாரம் துணி துவைக்கிறதை உக்காந்து பாக்க ஜனங்களுக்கு என்ன தலையெழுத்தா? அவங்கதான் வீட்டுல துவைக்கிறாங்களே."

"அதனாலதான் பாப்பாங்க. இந்த ஊர்ல பக்கத்து வீட்டுக்காரன் மூஞ்சியை நாம வேற எங்க பாக்குறோம்? அங்கதான் ஒருத்தர் போர்வையை ஒருத்தர் பாக்குறோம். யாரு தனியாப் படுக்குறா, யாரு வீட்டுக்குப் புதுசா ஆள் வந்திருக்குன்னு எல்லாம் அங்கதான் தெரியுது."

கடைசியில் தூர்ஸ்தென் இறங்கிவந்தார். ஆனால் நிபந்தனையோடு. நடுக்கோடைத் திருநாளுக்கு முந்தைய நாள் தொடர் முடிந்து அவர் பார்த்தாக வேண்டும். அதன்பின் நாடே கோடை வீடுகளுக்குப் போய்விடும். ஆகஸ்டு வரை தொலைபேசியை எடுக்க ஓர் ஆள் இருக்காது. இலையுதிர்கால ஞாயிற்றுக்கிழமைகளை அதற்கு முன்னால் அவர் தீர்மானித்தாக வேண்டும். குன்வோருடையது தயாராகவில்லை என்றாலோ, பிடிக்கவில்லை என்றாலோ, அந்த இடத்துக்கு ஒரு வெளிநாட்டு இன்ஸ்பெக்டர் தயாராக இருந்தார்.

"இன்னொரு வாய்ப்பு இருக்காது குன்வோர். உனக்கே தெரியும்" என்றார். அவளுக்குத் தெரியும்.

அரங்கில் செட் போட அவள் சம்மதிக்கவில்லை. நிஜச் சலவை அறை வேண்டும். ஆற்றங்கரைக்கு மேலே ஒரு பழைய குடியிருப்பில் நல்ல அறை கிடைத்தது. கட்டட உரிமையாளர் கையெழுத்திட்டு அனுமதி கொடுத்தார். மே மாதத்தில் விளக்கு, கேமரா, நடிகர்கள் எல்லாம் இறங்கினோம். முதல் நாள் அருமையாகப் போயிற்று. படியில் எதிர்ப்பட்ட குடித்தனக்காரர்கள் எல்லோரும் தலையசைத்து வணக்கம் சொன்னார்கள். ஒருவரும் ஒன்றும் கேட்கவில்லை.

"எவ்வளவு நல்ல ஜனங்க" என்றார் ஒலிப்பதிவாளர் ஹில்டிங்.

மறுநாள் கதவில் ஒரு துண்டுச் சீட்டு ஒட்டியிருந்தது: 'இந்த அறை எல்லோருக்கும் உரியது என்பதைச் சிலருக்கு அன்புடன் நினைவூட்டுகிறோம்.' மதியத்துக்குள் மூன்று சீட்டுகள் ஆயின. அன்பு குறைந்துகொண்டே வந்தது. மூன்றாவதில் ஆச்சரியக்குறிகள் மட்டும் ஒரு வரிக்கு இருந்தன. ஒன்றிலும் பெயர் கிடையாது. நேருக்கு நேர் பார்த்தால் அதே வணக்கம், அதே தலையசைப்பு.

மூன்றாம் நாள், காட்சி பாதியில் இருக்கும்போது கதவு திறந்தது. வெள்ளைத் தலைமுடியை இறுக்கிக் கட்டிய ஓர் அம்மாள், இடுப்பில் கூடையோடு உள்ளே வந்தார். இரண்டாம் மாடி இங்கயெர்த். மருத்துவமனைத் துப்புரவுப் பிரிவில் மேற்பார்வையாளர். விளக்குகளைப் பார்க்கவில்லை, நடிகர்களைப் பார்க்கவில்லை. நேராகப் போய் இயந்திரத்தில் விரிப்புகளைத் திணித்து, சோப்புத்தூள் போட்டு, பொத்தானை அழுத்தினார். நிலவறையே அதிர்ந்தது.

"அம்மா, நாங்க படம் எடுத்துட்டு இருக்கோம்" என்றான் உதவி இயக்குநர்.

"நான் துணி துவைச்சிட்டு இருக்கேன்" என்றார் இங்கயெர்த். பிறகு சுவரில் இருந்த பலகையைக் காட்டினார்.

அந்தப் பலகை எங்கள் எல்லோருக்கும் பிறந்ததிலிருந்து தெரிந்ததுதான். மேலே கிழமை, பக்கவாட்டில் நேரம், நடுவில் துளைகள். வீட்டுக்கு ஒரு குட்டிப் பூட்டு. உங்கள் பூட்டை எந்தத் துளையில் மாட்டுகிறீர்களோ அந்த நேரம் உங்களுடையது. மன்னரே தம் சட்டைகளோடு வந்தாலும் வெளியே நிற்க வேண்டியதுதான். அன்றைய நேரத்தில் இங்கயெர்த்தின் வீட்டு எண் பளபளத்துக்கொண்டிருந்தது. வாரம் முழுக்க ஒவ்வொரு துளையிலும் ஒரு பூட்டு. எங்களுடையது ஒன்றுகூட இல்லை.

ஒருவரும் வாதாடவில்லை. வாதாட என்ன இருக்கிறது? கேமராவைத் துணியால் மூடிவிட்டு, மொத்தப் பட்டாளமும் படியேறி முற்றத்தில் போய் நின்றோம். கதாநாயகன் சைக்கிள் நிறுத்துமிடத்தில் உட்கார்ந்து ரொட்டி தின்றான்.

"அவங்க நேரம்" என்றார் ஹில்டிங், தேவாலயத்தில் பேசுவது போல.

குன்வோர் சுவரில் சாய்ந்து நின்றாள். முகம் வெளுத்துப்போயிருந்தது. "வீவி, எட்டு வாரக் கதை. எட்டு வாரமும் அந்தப் பலகையைச் சுத்தித்தான் எழுதியிருக்கேன்."

"தெரியும்."

"ஓனர்கிட்ட கையெழுத்து வாங்கினேன். பூட்டு மாட்டணும்னு தோணலை பாரு."

செய்தி தூர்ஸ்தெனுக்குப் போயிற்று. உரிமையாளர் உதவத் தயாராக இருந்தார். அறையைப் பூட்டிச் சாவியை எங்களிடம் கொடுத்துவிட்டு, குடித்தனக்காரர்களுக்கு ஒரு கண்டிப்பான அறிவிப்பும் ஒட்டிவிடுகிறேன் என்றார். "அதைச் செய். இல்லைன்னா நிறுத்து" என்றார் தூர்ஸ்தென்.

அன்று வியாழக்கிழமை. என்னையும் சாப்பிட வீட்டுக்கு இழுத்துக்கொண்டு போனாள். யோரன் பட்டாணி சூப்பும் அப்பமும் செய்து வைத்திருந்தான். நடந்ததைக் கேட்டதும் கரண்டியைக் கீழே வைத்துவிட்டுச் சிரித்தான், சிரித்தான், கண்ணில் தண்ணீர் வரும்வரை சிரித்தான்.

"சலவை அறையைப் பத்தி நாடகம் எழுதுறவ, பூட்டு மாட்ட மறந்துட்டாளா! நாளைக்கு ஆலையில இதைச் சொன்னேன்னா ஒரு வாரத்துக்கு நான்தான் ராஜா."

"சொல்லித் தொலை."

"சரி, அறையைப் பூட்டிக்கப் போறியா?"

"பூட்டினா நான் யாரு யோரன்? என் கதையில வர்ற வில்லன். மூணாம் வாரம் அவனை எல்லாருமாச் சேந்து விரட்டுறாங்க."

நான் என்னால் முடிந்ததைச் சொன்னேன். "எங்க பிரிவுல நாலு இயந்திரம் இருக்கு. அந்த வீட்டுக்காரங்க துணியெல்லாம் நான் துவைச்சுக் குடுத்துடுறேன்."

மறுநாள் மாலை இங்கயெர்த் வீட்டுக்குப் போனோம். நடையில் ஷூவைக் கழற்றிவைத்து நின்றோம். குன்வோர் சுற்றி வளைக்கவில்லை.

"தப்பு எங்க மேல. நீங்க சொன்னது சரி."

"நான் ஒண்ணுமே சொல்லலையே."

"அதுதான் இன்னும் கஷ்டமா இருந்துச்சு."

இங்கயெர்த்தின் உதடு லேசாக அசைந்தது. காப்பி வந்தது. கூடவே ஏலக்காய் ரொட்டியும், தகரடப்பாவில் இருந்த பிஸ்கட்டுகளில் எல்லா வகையும் தட்டுக்கு வந்தன. நல்ல சகுனம் என்று நினைத்து நான் என் யோசனையைச் சொன்னேன்.

"என்னது? என் உள்பாவாடையை டிவிக்காரங்க துவைக்கிறதா?" பிஸ்கட் தட்டு இரண்டு அங்குலம் பின்னால் போயிற்று. "முப்பது வருஷமா இந்தக் கட்டடத்துல யாரும் என் உள்பாவாடையைப் பாத்ததில்லை. எம் புருஷனே ஞாயித்துக்கிழமை மட்டும்தான் பாத்தாரு."

குன்வோர் காப்பிக் கோப்பையைச் சுழற்றிக்கொண்டே இருந்தாள். பிறகு மெதுவாகக் கேட்டாள்.

"நீங்க துவைக்கிற நேரத்துல நாங்களும் அங்க இருந்தா?"

"இருந்து?"

"நீங்க பாட்டுக்குத் துவைங்க. நாங்க பாட்டுக்கு எடுக்குறோம். இயந்திரத்தை நிறுத்த வேண்டாம். உங்க கூடைப் பக்கம் கேமரா திரும்பாது. அதுக்கு நான் பொறுப்பு."

"அந்தச் சத்தத்துல யாரு பேசுறது காதுல விழும்?"

"விழாது" என்றாள் குன்வோர். அவள் முகத்தில் திடீரென்று ஒரு வெளிச்சம். எனக்கு அந்த முகம் தெரியும். சாக்ஸுக்குக் கத்தரிக்கோல் கேட்டு ஓடிவந்த அன்று பார்த்த முகம். "விழாதுதான். அதுதான் வேணும்."

இங்கயெர்த் ஒரே ஒரு நிபந்தனை போட்டார். உலர்த்தும் இயந்திரத்தின் வடிகட்டி வலையில் சேரும் பஞ்சை, வெளியே போகுமுன் எங்கள் ஆட்கள் சுத்தம் செய்ய வேண்டும். ஒவ்வொரு தடவையும். மற்ற வீடுகளிடம் அவரே பேசினார். என்ன பேசினாரோ, ஞாயிற்றுக்கிழமைக்குள் எல்லோரும் சம்மதித்துவிட்டார்கள்.

குன்வோர் எட்டு வாரங்களையும் புரட்டிப்போட்டு எழுதினாள். முன்பு அவள் எழுதியிருந்ததில் ஆட்கள் அழகாகப் பேசிக்கொண்டிருந்தார்கள். இப்போது இயந்திரம் சுழலும்போது கத்தினார்கள், பாதி வார்த்தை கேட்காமல் தப்பாகப் பதில் சொன்னார்கள், கையைக் காலை ஆட்டினார்கள். ரகசியம் பேசுகிறவன் இயந்திரத்தை நம்பிப் பேசினான். சுழற்சி சட்டென்று நின்றுவிடும். அப்போது வாயில் இருக்கும் வார்த்தை அறை முழுக்கக் கேட்கும். மனைவி விட்டுப்போனதை மறைத்து வைத்திருக்கும் தச்சன், "எனக்கு ஒரு தலையணை உறைதான்!" என்று கத்தியது அப்படி ஒரு மௌனத்தில்தான் விழுந்தது. கேட்டுக்கொண்டு நின்ற எனக்கே என்னமோ செய்தது.

ஹில்டிங் தலையில் கை வைத்துக்கொண்டார். "இங்க மைக் வைக்கிறதும் ரயிலடியில கச்சேரி வைக்கிறதும் ஒண்ணு."

"ரயில் நிக்கும்ல? நின்ன உடனே பிடி" என்றாள் குன்வோர்.

இயந்திரம் எப்போது நிற்கும் என்பது இங்கயெர்த்தின் விரிப்புகள் கையில் இருந்தது. நடிகர்கள் அதற்கேற்ப வேகமாகவும் மெதுவாகவும் பேசப் பழகினார்கள். குடித்தனக்காரர்கள் துணி மடித்தபடியே ஒத்திகை பார்த்து, கருத்தும் சொன்னார்கள். "எந்தப் பொம்பளை கம்பளிச் சட்டையை அந்தச் சூட்டுல போடுவா?" என்று ஒருமுறை மூலையிலிருந்து குரல் வந்தது. குன்வோர் அதையே வசனமாக்கிவிட்டாள்.

நடுக்கோடைக்கு முந்தைய நாள் மதியம், ஒருவழியாக முதல் வாரத்தைத் தூர்ஸ்தெனுக்குப் போட்டுக் காட்டினோம். நிலையமே காலியாகிக்கொண்டிருந்தது. வாசலில் அவருடைய கார், அதில் மனைவி, பிள்ளைகள், நாய், மடியில் ஸ்ட்ராபெரி கேக். அவர் உள்ளே வரும்போதே கையில் சாவி.

படம் ஓடியது. இயந்திரம் உறுமியது. தூர்ஸ்தென் முகத்தைச் சுளித்தார். "வசனம் கேக்கலையே. டப்பிங் பண்ணிடலாமா?"

குன்வோர் திரையிலிருந்து கண்ணை எடுக்கவில்லை. கைகளை மடியில் கோத்து, விரல் வெளுக்க இறுக்கிப் பிடித்திருந்தாள். எனக்கு அவளைப் பார்க்கவே பயமாக இருந்தது. தச்சனின் காட்சி வந்தது, போனது. தூர்ஸ்தென் கடிகாரத்தைப் பார்த்தார். வெளியே கார் ஒருமுறை ஹாரன் அடித்தது.

கடைசிக் காட்சி. புதிதாகக் குடிவந்த இளைஞன் ஒருவன் உலர்ந்த துணியை வாரிக் கூடையில் போட்டுக்கொள்கிறான். சீட்டியடித்தபடி கதவுப் பக்கம் போகிறான்.

"வலை" என்றார் தூர்ஸ்தென்.

இளைஞன் விளக்கை அணைக்கிறான்.

"டேய், வலைடா!" தூர்ஸ்தென் நாற்காலியின் விளிம்புக்கு வந்துவிட்டார். "பஞ்சை எடுக்காமப் போறான் பாரு! அப்படியே விட்டுட்டுப் போறான்! அடுத்து வர்றது யாரு?"

"தச்சன்" என்றாள் குன்வோர்.

"ஏற்கெனவே நொந்து கிடக்கான் அவன்! இவனைச் சும்மா விடுறாங்களா?"

"ரெண்டாவது வாரம் தெரியும்."

"போடு ரெண்டாவதை."

"தூர்ஸ்தென், வெளிய உங்க குடும்பம்..."

"போடுங்கறேன்ல!"

மூன்றாவது வாரம் முடிந்தபோது அவர் மனைவி நாயைப் பிடித்துக்கொண்டு உள்ளேயே வந்துவிட்டாள். ஐந்தாவதில் பிள்ளைகளும் தரையில் உட்கார்ந்திருந்தார்கள். கேக்கை அங்கேயே வெட்டினோம். எட்டாவது முடிந்து விளக்கு போட்டதும் தூர்ஸ்தென் கண்ணாடியைக் கழற்றி, வெகுநேரம் துடைத்தார்.

"யாரையும் சாகடிக்க வேண்டாம். ஒரு சத்தத்தையும் தொடாதே. ஞாயிறு எட்டு மணி உன்னோடது" என்றார்.

குன்வோர் தலையாட்டினாள். வெளியே வந்து, நடையில் யாருமில்லை என்று பார்த்துக்கொண்டு, என் தோளைப் பிடித்துக் குதித்தாள். நாற்பத்தொரு வயசுப் பெண்பிள்ளை, முழங்கால் வலிக்காரி.

அதன்பிறகு அவள் எழுதித் தயாரித்தவை ஏராளம். பேருந்துப் பணிமனையைப் பற்றி ஒன்று, பள்ளிச் சமையலறையைப் பற்றி ஒன்று, விடுமுறை முகாம் திடலில் அடுத்தடுத்து வீட்டுவண்டி நிறுத்தும் இரண்டு குடும்பங்களைப் பற்றி ஒன்று. விருதுகள் வந்தன. தூர்ஸ்தென் ஓய்வுபெற்றபோது அவருடைய நாற்காலியும் வந்தது. அதில் உட்கார்ந்து புதிதாக வருகிறவர்களிடம் அவள் ஒரே கேள்வியைத்தான் கேட்பாள்: "இதுல யாரு யாருகிட்ட எதை மறைக்கிறா?" ஓய்வு பெறும்வரை அவள் தொடர் எதையும் மக்கள் கைவிடவில்லை. எல்லாமே வெற்றிதான். ஆனாலும், எழுதின ஆள் ஜெயித்தது எப்போது என்று என்னைக் கேட்டால், முதல் வாரம் ஒளிபரப்பான மறுநாள் காலையைத்தான் சொல்வேன்.

செப்டம்பர் திங்கட்கிழமை. நானும் அவளும் வழக்கம்போல ஒரே டிராமில் வேலைக்குப் போனோம். பத்திரிகை வாங்க அவளுக்குத் தைரியம் வரவில்லை. எங்கள் டிராமில் யாரும் யாரோடும் பேசுவது கிடையாது. பக்கத்தில் இடமிருந்தாலும் நிற்போமே தவிர, அந்நியர் அருகில் உட்கார மாட்டோம். நானே அதே பெட்டியில் பத்து வருஷமாக அதே முகங்களைப் பார்க்கிறேன். ஒரு பெயரும் தெரியாது.

அன்று படியேறும்போதே சத்தம் கேட்டது.

"பையன் புதுசுங்க, அவனுக்கு என்ன தெரியும்?" என்றார் மழைக்கோட்டுப் போட்ட ஒரு மனிதர்.

"புதுசா? அவன் ஊர்ல பஞ்சு இல்லையா? பாவம் அந்தத் தச்சன்!" என்றாள் எதிர்ப்பக்கத்து நர்ஸ்.

"அந்தாளும் லேசுப்பட்டவன் இல்ல. பொண்டாட்டி சும்மாவா விட்டுட்டுப் போவா?" இது பின்வரிசையில் இருந்து.

"உங்களுக்கு எப்படித் தெரியும்?"

"தலையணை உறையை அந்தமாதிரி மடிக்கிறவனோட யாருங்க குடும்பம் நடத்துவா?"

பெட்டி முழுக்கச் சிரிப்பு. ஓட்டுநர் கண்ணாடி வழியாகப் பின்னால் பார்த்து, "நான் தச்சன் கட்சி" என்று ஒலிபெருக்கியில் அறிவித்தார். கூட்டம் இரண்டாகப் பிரிந்தது. யாரோ யாருக்கோ நகர்ந்து இடம் கொடுத்தார்கள், சண்டையைத் தொடர வசதியாக.

குன்வோர் கம்பியைப் பிடித்துக்கொண்டு, தலைக்குல்லாயைக் காதுவரை இழுத்துவிட்டு நின்றாள். நாங்கள் இறங்க வேண்டிய நிறுத்தம் வந்தது. அவள் இறங்கவில்லை. நானும் இறங்கவில்லை. நர்ஸ் அவள் பக்கம் திரும்பினாள்.

"நீங்க சொல்லுங்கம்மா. பாத்தீங்கல்ல? யாரு பக்கம் நியாயம்?"

பெட்டியே அவளைப் பார்த்தது. இந்த நாட்டில் தன்னைப் பற்றித் தானே பெருமையாக ஒரு வார்த்தை சொல்ல யாரும் யாருக்கும் கற்றுக்கொடுப்பதில்லை.

"எனக்கு ரெண்டு பேரையும் பிடிச்சிருக்கு" என்றாள்.

"அதெல்லாம் செல்லாது!" என்று டிராமே கத்தியது. அவள் சிரித்த சிரிப்பில் குல்லாய் கழன்று விழுந்தது. மழைக்கோட்டுக்காரர் அதைக் குனிந்து எடுத்துக் கொடுத்துவிட்டு, அவளிடம் தச்சனின் தப்புகளை ஒவ்வொன்றாக விளக்க ஆரம்பித்தார். கடைசி நிறுத்தம் வரைக்கும் விளக்கினார். அவள் ஒன்றுவிடாமல் கேட்டுக்கொண்டாள்.